மருந்தடிக்கும் முன் கழனியில் யார் இருக்கிறார்கள் என்று பாருங்கள்: இயற்கை எதிரிகளைக் கொண்டு பூச்சியைக் கட்டுப்படுத்த முழுமையான வழிகாட்டி

வேலூர் மாவட்டம் அணைக்கட்டு ஊர்ப் பக்கம் எங்களுக்கு இரண்டரை ஏக்கர். கிணற்றுப் பாசனத்தில் நெல்லும் கத்தரியும், மேட்டுக் கொல்லையில் மல்லாட்டை (வேர்க்கடலை), ஓரத்தில் கொஞ்சம் தென்னை. விவசாயத்தை நான் கையில் எடுத்த முதல் வருஷம், கத்தரித் தளிர்களில் சாறு உறிஞ்சும் அசுவினிப் பூச்சி அப்பிக்கிடந்தது. அதற்கு நடுவே கறுப்பாக, முதுகில் ஆரஞ்சுப் புள்ளிகளோடு, குட்டி முதலை போல ஒரு புழு ஊர்ந்தது. புதுப் புழு வந்துவிட்டது என்று பயந்து, ஒரு இலையில் வைத்து மருந்துக் கடைக்கு எடுத்துப் போனேன். கடைக்காரர் இரண்டு டப்பா கொடுத்தார். அடித்தேன். மூன்றாம் நாள் அசுவினியும் இல்லை, அந்தப் புழுவும் இல்லை. இரண்டு வாரம் கழித்து அசுவினி மட்டும் திரும்பி வந்தது, முன்பைவிட அதிகமாக.

அந்தக் கறுப்புப் புழு பொறிவண்டின் குட்டி. அசுவினியைத் தின்னத்தான் அது அங்கே இருந்தது. வேலைக்கு வந்தவளை நானே விஷம் வைத்துக் கொன்றிருக்கிறேன் என்று தெரிந்த அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. அதற்குப் பிறகு பார்த்தும் கேட்டும் செய்தும் தெரிந்துகொண்டதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன். கடையில் வாங்கி விடும் பூச்சிகளைப் பற்றியும் இதில் நிறைய வரும். ஆனாலும் ஏற்கெனவே உங்கள் கழனியில் இருப்பவர்களைச் சாகடிக்காமல் இருப்பதுதான் முக்கால்வாசி வேலை. குளவி வளரும் முட்டைகள் ஒட்டிய அட்டையை வாங்கிக் கட்டுவதெல்லாம் மிச்சக் கால்வாசி.

முதலில் ஆளை அடையாளம் தெரியவேண்டும்

இயற்கை எதிரிகள் மூன்று வகை. பிடித்துத் தின்பவை முதல் வகை. இவற்றை இரை விழுங்கிகள் என்பார்கள். பூச்சியின் முட்டைக்குள்ளோ புழுவுக்குள்ளோ தன் முட்டையை வைத்து, உள்ளிருந்தே தின்று தீர்ப்பவை ஒட்டுண்ணிகள். பெரும்பாலும் குட்டிக் குளவிகள். மூன்றாவது வகை, பூச்சிக்கு நோய் உண்டாக்கும் பூஞ்சை, வைரஸ், பாக்டீரியா.

பொறிவண்டைப் பெரிய வண்டாகப் பார்த்தால் எல்லோருக்கும் தெரியும். அதன் புழுவைத்தான் யாருக்கும் தெரிவதில்லை. இன்னொரு குழப்பமும் உண்டு. கத்தரி இலையைச் சல்லடையாக்கும் புள்ளி வண்டும் பொறிவண்டு ஜாதிதான். பொறிவண்டின் முதுகு எண்ணெய் தடவியது போலப் பளபளக்கும். கத்தரியைத் தின்னும் வண்டின் முதுகு மங்கலாக, மெல்லிய ரோமத்தோடு இருக்கும். அதன் புழு மஞ்சள் நிறம், உடம்பெல்லாம் கிளை கிளையாக முள். இந்த இரண்டையும் பிரித்தறியப் பழகிவிட்டால் பாதிக் கவலை போய்விடும்.

பச்சைக் கண்ணாடி இறக்கைப் பூச்சி, அதாவது கிரைசோபெர்லா, இலையின் மேல் மெல்லிய காம்பு நிறுத்தி அதன் நுனியில் ஒரு முட்டை வைக்கும். நிறையப் பேர் அதைப் பூஞ்சாணம் என்று நினைத்துத் துடைத்துவிடுகிறார்கள். முதலில் பொரிக்கும் குட்டி மற்ற முட்டைகளைத் தின்றுவிடாமல் இருக்கத்தான் அந்தக் காம்பு. அவ்வளவு பசியுள்ள குட்டி அது. அசுவினி, வெள்ளை ஈயின் குஞ்சு, சின்னப் புழு, முட்டை என்று கையில் கிடைத்ததை உறிஞ்சிவிடும்.

நெல்லில் சிலந்தியும் தட்டானும் ஊசித்தட்டானும் எல்லோர் கண்ணிலும் படும். மிரிட் நாவாய்ப்பூச்சிதான் படாது. பச்சையும் கறுப்புமாக, நெல்லின் அடித்தண்டில் சாறு உறிஞ்சும் புகையான் அளவே இருக்கும் மெல்லிய பூச்சி. புகையானின் முட்டையையும் குஞ்சையும் தேடித் தேடிக் குடிக்கும். தூரைத் தட்டிப் பார்க்கும்போது ‘எவ்வளவு புகையான்!’ என்று பதறுகிறவர்கள் பல நேரம் இதையும் சேர்த்தே எண்ணுகிறார்கள். தரை வண்டு, இடுக்கிவால் பூச்சி, கும்பிடுபூச்சி, பூவின் மேல் அசையாமல் பறந்து நிற்கும் தேனீ போன்ற சிர்பிட் ஈ, இவையும் நம் ஆட்கள்தான். அந்த ஈயின் குட்டி கால் இல்லாத பச்சைப் புழுவாக அசுவினிக் கூட்டத்துக்குள் கிடக்கும்.

ஒட்டுண்ணிக் குளவியை நேரில் பார்ப்பது கஷ்டம். அது செய்த வேலையைத்தான் பார்க்க முடியும். அசுவினிக் கூட்டத்தில் சில மட்டும் உப்பி, பழுப்பாகி, காய்ந்த கடுகு போல ஒட்டிக்கிடந்தால் அதற்குள் குளவி வளர்கிறது. கத்தரி வண்டின் முள்புழு அசையாமல் கருத்துப்போய் இலையில் ஒட்டியிருந்தால் உள்ளே பீடியோபியஸ் என்ற குளவி இருக்கிறது. அந்த இலையைக் கிள்ளி எறியாதீர்கள்.

முதல் படி: எண்ணிப் பார்ப்பது

வாரம் ஒரு நாள், காலை வெயில் ஏறுவதற்கு முன், ஒரு நோட்டும் பேனாவும் எடுத்துக்கொண்டு இறங்குங்கள். வரப்பிலிருந்து பார்த்தால் ஒன்றும் தெரியாது. கழனிக்குள் மூலைவாக்கில் நடந்து, அங்கங்கே நின்று இருபது குத்து (ஒரே இடத்தில் நட்ட நெற்கொத்து) பாருங்கள். கத்தரி என்றால் இருபது செடி. ஒவ்வொன்றிலும் இரண்டு கணக்கு எழுதவேண்டும்: கெடுக்கிற பூச்சி எத்தனை, காக்கிற பூச்சி எத்தனை. ஒரே ஒரு கணக்கு எழுதுகிறவர் கை கடைசியில் மருந்து டப்பாவுக்குத்தான் போகும்.

வேளாண் பல்கலைக்கழகம் புகையானுக்குச் சொல்லும் அளவே இதற்கு நல்ல உதாரணம். சிலந்தி இல்லாத கழனியில் தூருக்கு, அதாவது குத்தில் கிளைத்த ஒவ்வொரு தண்டுக்கும், ஒரு புகையான் என்றால் நடவடிக்கை எடுக்கவேண்டும். குத்துக்கு ஒரு சிலந்தி இருந்தால் தூருக்கு இரண்டு புகையான் வரை பொறுக்கலாம். ஒரு சிலந்திக்கு அவ்வளவு மதிப்பு. ஓநாய்ச் சிலந்தி என்று ஒன்று உண்டு, வலை பின்னாது, தண்ணீர் மேலேயே ஓடி வேட்டையாடும். ஒரு நாளைக்கு 5 முதல் 15 பூச்சி வரை பிடிக்கும்.

குருத்துப்பூச்சிக்குச் சதுர மீட்டருக்கு இரண்டு முட்டைக் குவியல், அல்லது நூற்றுக்குப் பத்துக் குருத்து காய்ந்திருந்தால் கவலைப்படவேண்டிய நேரம். இலைச்சுருட்டுப்புழு தூர் கட்டும் பருவத்தில் நூற்றுக்குப் பத்து இலை வரை கடித்திருந்தாலும் விளைச்சல் போய்விடாது. நடவு நட்ட முதல் மாதத்தில் இலை வெளுத்ததைப் பார்த்து அடிக்கிற மருந்துதான் எல்லாவற்றையும் கெடுக்கிறது என்பது என் அனுபவம். அந்த மருந்தில் புழுவைவிடச் சிலந்தியும் மிரிட்டும்தான் அதிகம் சாகின்றன. பிறகு புகையான் வந்து இறங்கும்போது தடுக்க ஆளில்லை. இந்தோனேசியா 1986இல் நெல்லுக்கு 57 மருந்துகளை ஒரே ஆணையில் தடை செய்ததற்கு இதுதான் காரணம். அங்கே மருந்து கூடக் கூடப் புகையானும் கூடியது.

பக்கத்துக் கொல்லைப் பெரியப்பா ஒருநாள் வரப்பில் நின்று, “இன்னாமா, இலையெல்லாம் புழு துன்னுது, நீ நோட்டுல எழுதிக்கினு கீற?” என்று கேட்டார். இந்தக் கேள்வி உங்களுக்கும் வரும். முதல் பருவத்தில் பதில் சொல்ல வராது. நோட்டைக் காட்டுங்கள்.

இரண்டாம் படி: அவர்களுக்குச் சாப்பாடும் இடமும்

புழுவைக் கொல்லும் குளவி தானே புழு தின்பதில்லை. அதன் குட்டிதான் தின்னும். தாய்க் குளவிக்குப் பூந்தேனும் மகரந்தமும் வேண்டும். பூவே இல்லாத, வரப்பு சுத்தமாகச் செதுக்கிய கழனியில் குளவியை விட்டால் அது இரண்டொரு நாளில் பட்டினியில் சாகும்.

நெல் வரப்பில் தட்டைப்பயறோ உளுந்தோ ஊன்றுங்கள். தட்டைப்பயறில் அசுவினி வரும், வரட்டும். அந்த அசுவினி நெல்லுக்குப் போகாது. அதைத் தின்ன வரும் பொறிவண்டு மட்டும் பக்கத்திலேயே தங்கும். கத்தரியைச் சுற்றி இரண்டு வரிசை சோளமோ மக்காச்சோளமோ வேலி போல விடுங்கள். உள்ளே பத்து வரிசைக்கு ஒரு வரிசை செண்டுமல்லி. எங்களிடம் மிஞ்சிய கொத்தமல்லி விதையைத் தூவிவிட்டு, கீரையாகப் பறிக்காமல் பூக்க விட்டோம். அந்தச் சின்ன வெள்ளைப் பூவில் குட்டிக் குளவிகளின் வாய் எட்டும். பெரிய பூக்களின் தேன் அவற்றுக்கு எட்டாது.

மல்லாட்டையில் நான்கு வரிசைக்கு ஒரு வரிசை கம்பு போடுவது நம் பக்கத்துப் பழைய பழக்கம். சுருள் பூச்சியைத் தாக்கும் கோனியோசஸ் குளவிக்கு அந்தக் கம்பு புகலிடம். கம்பு நமக்குக் கூழுக்கு.

நெல் நடும்போது எட்டடிக்கு ஒரு அடி பட்டம் விடுவதை இடவிரயம் என்று நினைக்காதீர்கள். அந்த இடைவெளியில் காற்றும் வெயிலும் தூருக்குள் இறங்கும், புகையானுக்கு அது பிடிக்காது. நீங்கள் உள்ளே நடந்து எண்ணவும் அதுதான் வழி. யூரியாவையும் பிரித்துப் பிரித்துப் போடுங்கள். கரும்பச்சையாகக் கொழுத்த பயிருக்கு எத்தனை சிலந்தி இருந்தாலும் போதாது.

குருவிகள் உட்கார ஏக்கருக்கு இருபது இடத்தில், பயிருக்கு மேல் ஒரு அடி உயரமாக, குறுக்குக் கட்டையோடு குச்சி நடுங்கள். கரிச்சான் முதலில் வந்து உட்காரும். பால் பிடிக்கும் பருவம் வந்ததும் குச்சிகளைப் பிடுங்கிவிட வேண்டும். இல்லாவிட்டால் அதே குச்சியில் கதிர் கொத்துகிற பறவைகள் வந்து உட்காரும்.

நாற்றங்காலுக்கு ஒரு சின்ன வேலை. பிடுங்கும் முன் நாற்றின் நுனியைக் கிள்ளும்போது, குருத்துப்பூச்சியின் பழுப்பு ரோமம் மூடிய முட்டைக் குவியல்கள் கிடைக்கும். எரித்துவிடத் தோன்றும். அந்த முட்டைகளில் பாதிக்குள் ஏற்கெனவே குளவி வளர்ந்துகொண்டிருக்கக்கூடும். அகலமான தட்டில் தண்ணீர் ஊற்றி, நடுவே ஒரு கொட்டாங்கச்சியில் அந்த நுனிகளை வைத்து, கழனி ஓரம் நிழலில் விடுங்கள். பொரித்த புழு தண்ணீரைத் தாண்டாது. குளவி பறந்துவிடும். செலவே இல்லாத வேலை.

மூன்றாம் படி: முட்டை ஒட்டுண்ணி அட்டை கட்டுவது

டிரைக்கோகிரம்மா என்பது அரை மில்லிமீட்டர்கூட இல்லாத குளவி. ஒரு பேனாப் புள்ளிக்குள் அடங்கும். அது அந்துப்பூச்சிகளின் முட்டைக்குள் தன் முட்டையை வைக்கிறது. புழு என்று ஒன்று பிறப்பதற்கு முன்பே கதை முடிகிறது. ஆய்வகத்தில் உடைத்த கம்பில் அரிசி அந்துப்பூச்சியை வளர்த்து, அதன் முட்டையை அட்டையில் ஒட்டி, பொரிக்காதபடி புற ஊதாக் கதிரில் காட்டி, அதன் மேல் இந்தக் குளவியை விடுவார்கள். மூன்று நான்கு நாளில் முட்டைகள் கறுத்துவிடும். ஏழெட்டு நாளில் குளவி வெளிவரும். அட்டையை சிசி கணக்கில் விற்பார்கள். ஒரு சிசி என்றால் ஏறக்குறைய 20,000 முட்டை.

வாங்கும்போது பார்க்கவேண்டியது: முட்டைகள் கன்னங்கரேலென்று இருக்கவேண்டும். வெளிர் மஞ்சளாகத் திட்டுத் திட்டாக இருந்தால் அவற்றில் குளவி ஏறவில்லை. ஒவ்வொரு முட்டையிலும் சின்ன ஓட்டை தெரிந்தால் குளவி ஏற்கெனவே வெளியே போய்விட்டது, வெறும் காகிதத்துக்குக் காசு கொடுக்கிறீர்கள். குளவி வெளிவரும் தேதியைக் கேட்டு அட்டையின் பின்னால் எழுதிக்கொள்ளுங்கள். வண்டியின் சீட்டுக்கடியில் வைத்து வெயிலில் கொண்டுவராதீர்கள். ஈரத் துணி சுற்றிய சம்படத்தில் கொண்டுவாருங்கள். இரண்டு மூன்று நாள் தாமதமாகும் என்றால் பிரிட்ஜின் கீழ்த் தட்டில் வைக்கலாம், ஃப்ரீசரில் கூடாது.

கட்டவேண்டிய நேரம், குளவி வெளிவருவதற்கு முந்தின சாயங்காலம். வேலூர் வெயில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். கத்திரி வெயிலில் 40 டிகிரி தாண்டும் நாளில் பகலில் கட்டினால் அட்டையிலேயே வெந்துவிடும். அந்த இரண்டு மூன்று வாரம் விடாமலே இருப்பது நல்லது என்பேன். காற்றும் ஈரமும் இருக்கும் மாதங்களில்தான் இந்தக் குளவி நன்றாக வேலை செய்யும்.

அட்டையைச் சிறு துண்டுகளாக, முட்டை உதிராமல், ஓரத்தைப் பிடித்து வெட்டுங்கள். ஏக்கர் முழுக்கச் சம இடைவெளியில் இலையின் அடிப்பக்கம் ஸ்டேப்லர் பின்னால் குத்துங்கள். இந்தக் குளவி தூரம் பறக்காது, சில மீட்டர்தான். ஒரே மூலையில் மொத்த அட்டையையும் கட்டிவிட்டு எதிர்மூலைக்குப் பலன் எதிர்பார்க்க முடியாது. காற்று அடிக்கும் பக்கத்து வரிசைகளில் கொஞ்சம் அதிகமாகக் கட்டுங்கள், காற்றே உள்ளே கொண்டுபோகும்.

எறும்பு! முதல் தடவை நான் கட்டிய அட்டையை மறுநாள் காலை பார்த்தபோது வெறும் பசைதான் இருந்தது. இரவோடு இரவாக எறும்பு சுமந்துவிட்டது. இப்போது துண்டை நூலில் கட்டித் தொங்கவிட்டு, நூலில் விளக்கெண்ணெய் தடவுகிறேன். மழை வரும் போலிருந்தால் பேப்பர் கப்பைக் கவிழ்த்து அதற்குள் அட்டையைக் கட்டலாம்.

அளவும் நாளும் பயிருக்குப் பயிர் மாறும். நெல்லில் குருத்துப்பூச்சிக்கு டிரைக்கோகிரம்மா ஜப்பானிக்கம், நட்ட 30, 37ஆம் நாட்களில். இலைச்சுருட்டுக்கு டிரைக்கோகிரம்மா கைலோனிஸ், 37, 44, 51ஆம் நாட்களில். ஒவ்வொரு தடவையும் ஹெக்டேருக்கு 5 சிசி, அதாவது ஏக்கருக்கு 2 சிசி. இரண்டும் ஒன்றுதான் என்று கையில் இருப்பதைக் கட்டிவிடாதீர்கள். குருத்துப்பூச்சியின் ரோமம் மூடிய முட்டைக்குள் புக ஜப்பானிக்கத்துக்குத்தான் தெரியும்.

அம்முண்டி ஆலைக்கும் கேத்தாண்டப்பட்டி ஆலைக்கும் கரும்பு வெட்டும் ஊர்களில் இந்த அட்டை புதிதல்ல. இடைக்கணுப் புழுவுக்குக் கைலோனிஸ், நாலாம் மாதத்திலிருந்து பதினைந்து நாளுக்கு ஒரு தடவை ஆறு தடவை, ஏக்கருக்கு 1 சிசி. கட்டுவதற்கு முன் காய்ந்த சோகையை உரித்துவிட்டால் குளவி உள்ளே போக வழி கிடைக்கும். இரண்டு தடவை கட்டிவிட்டு ‘பலனில்லை’ என்று விட்டவர்கள் நிறைய. ஆறில் இரண்டு என்பது ஒன்றும் செய்யாததற்குச் சமம், ஏனென்றால் அந்துப்பூச்சி அந்த மூன்று மாதமும் முட்டை வைத்துக்கொண்டே இருக்கும்.

நான்காம் படி: மற்ற பயிர்களுக்கு ஏற்றபடி

கத்தரியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும். எங்கள் பக்கத்து இலவம்பாடி முள்ளுக் கத்தரிக்கு 2023இல் புவிசார் குறியீடு கிடைத்தது. அந்தக் காயை அதிக மருந்தில் குளிப்பாட்டி விற்பது எனக்கு மனதுக்கு ஒப்பவில்லை. அதன் பெரிய எதிரி தண்டு, காய்ப்புழு. புழு தண்டுக்குள்ளேயே இருப்பதால் மருந்து அதைத் தொடுவதே இல்லை. வெளியே திரியும் நம் ஆட்களைத்தான் தொடுகிறது. தலை சாய்ந்த தளிரை வாரம் ஒரு தடவை கிள்ளுங்கள். கிள்ளியதை வரப்பில் போடாமல், கொசுவலையைவிடக் கொஞ்சம் பெரிய கண்ணுள்ள வலை கட்டிய பக்கெட்டில் போட்டு நிழலில் வையுங்கள். தாய் அந்துப்பூச்சி வலைக்குள் மாட்டிச் சாகும். புழுவுக்குள்ளிருந்து வரும் டிரத்தாலா போன்ற மெல்லிய குளவி வலைக் கண் வழியே நழுவித் தோட்டத்துக்குத் திரும்பும். கூடவே ஆண் அந்துப்பூச்சியை வாசனையால் இழுத்துப் பிடிக்கும் இனக்கவர்ச்சிப் பொறி ஏக்கருக்கு ஐந்து, பூக்கத் தொடங்கியதிலிருந்து கைலோனிஸ் அட்டை. மஞ்சள் ஒட்டும் அட்டையை வெள்ளை ஈ எவ்வளவு என்று பார்க்க மட்டும், சில இடங்களில் வையுங்கள். தோட்டம் முழுக்கத் தொங்கவிட்டால் பொறிவண்டும் குளவியும்கூட ஒட்டிக்கொண்டு சாகும்.

மானாவாரி மல்லாட்டைக்கு சிவப்புக் கம்பளிப்புழு பழைய வட ஆற்காடு முழுக்கத் தெரிந்த பகை. மண்ணுக்குள் கூட்டுப்புழுவாகக் கிடந்து, நல்ல மழை பெய்ததும் அந்துப்பூச்சியாகக் கிளம்பும். கோடை மழைக்கு ஒரு உழவு ஓட்டுங்கள். புரண்ட மண்ணில் மைனாவும் கொக்கும் டிராக்டருக்குப் பின்னாலேயே நடந்து கூட்டுப்புழுவைப் பொறுக்கும். அதைவிட மலிவான எதிரி கிடையாது. புழு பொரித்த முதல் சில நாள் ஒரே இலையில் கூட்டமாக இருக்கும். அந்த இலையோடு கிள்ளிவிடுவதுதான் சரி. ஓரத்தில் ஆமணக்கு விட்டால் இலை தின்னும் புரொடீனியாப் புழுவின் முட்டைக் குவியல் அதில் சேரும், கண்ணில் பட்டுக் கைக்கு எட்டும்.

புரொடீனியாவுக்கு என்பிவி வைரஸ் நல்ல ஆயுதம். வைரஸ் தின்ற புழு செடியின் உச்சிக்கு ஏறி, தலைகீழாகத் தொங்கி, தொட்டால் தண்ணீராக ஒழுகும். கடையில் கிடைக்கும் வைரஸ் கரைசல் ஏக்கருக்கு 100 புழுச்சமன் அளவு (நூறு நோய்ப் புழுக்களில் இருக்கும் வைரஸுக்குச் சமம்), ஒரு கிலோ வெல்லம், கொஞ்சம் ஒட்டும் திரவம் சேர்த்து, கண்டிப்பாகச் சாயங்காலம் அடிக்கவேண்டும். வெயில் பட்டால் வைரஸ் செயலிழந்துவிடும். புழு சின்னதாக இருக்கும்போதுதான் வேலை செய்யும். விரல் நீளம் வளர்ந்த புழுவுக்கு அடித்துவிட்டு வைரஸைக் குறை சொல்லக்கூடாது.

தென்னையில் இரண்டு விஷயம் தெரிந்தால் போதும். கருந்தலைப்புழுவுக்குக் கோனியோசஸ் நெபான்டிடிஸ் குளவி, ஏக்கருக்கு ஏறக்குறைய 1,200, மூன்று வாரத்துக்கு ஒரு தடவை, கோடையில் புழு தென்படும்போது. குளவியை மரத்தின் கொண்டைக்குள் திறந்துவிடாதீர்கள். அங்கே சிலந்தியும் கொலைகார நாவாய்ப்பூச்சியும் காத்திருக்கும்.

இன்னொன்று, குடியாத்தம், பேர்ணாம்பட்டுத் தோப்புகளில் இலையெல்லாம் கரி பூசியது போல ஆக்கிய சுருள் வெள்ளை ஈ. 2016இல் பொள்ளாச்சிப் பக்கம் முதலில் தென்பட்டு எங்கும் பரவியது. அதற்கு என்கார்சியா என்ற குளவி கூடவே வந்து சேர்ந்திருக்கிறது. கீற்றின் அடியில் வெள்ளை ஈயின் குஞ்சுகள் கறுத்துக் கிடந்தால் குளவி ஏறியிருக்கிறது என்று அர்த்தம். அந்தக் கீற்றுத் துண்டுகளை வெட்டி, குளவி இல்லாத மரத்தில் கட்டுங்கள். கரும்பூஞ்சாணத்துக்கு லிட்டருக்கு 25 கிராம் மைதா கரைத்த பசைத் தண்ணீர் அடித்தால் காய்ந்து உரிந்துவிடும். மருந்து அடிக்காதீர்கள். அடித்த தோப்பில் ஈ திரும்பும், குளவி திரும்பாது. காண்டாமிருக வண்டுக்கு மரத்தில் தேடுவதைவிட எருக்குழியில் தேடவேண்டும், அதன் புழு அங்கேதான் வளர்கிறது. மெட்டாரைசியம் பூஞ்சையை எருவில் கலந்து ஈரம் காயாமல் வைத்தால் புழு பச்சை மாவு பூத்துச் செத்துக் கிடப்பதைப் பார்க்கலாம்.

மாவுப்பூச்சிக்கு வருவோம். இயற்கை எதிரியின் பலம் தெரியவேண்டுமென்றால் பப்பாளி மாவுப்பூச்சியின் கதையைச் சொன்னால் போதும். 2008இல் கோவைப் பக்கம் கண்டுபிடிக்கப்பட்டது. இரண்டே வருஷத்தில் பப்பாளி, மல்பெரி, மரவள்ளி என்று தமிழ்நாடு முழுக்க வெள்ளையாகப் பூத்துவிட்டது. எந்த மருந்துக்கும் அடங்கவில்லை, அதன் மேலிருக்கும் மெழுகு மருந்தை வழுக்கிவிட்டது. 2010இல் பெங்களூரில் இருக்கும் தேசியப் பூச்சி ஆய்வு நிறுவனம் புயர்ட்டோ ரிக்கோவிலிருந்து மூன்று வகைக் குளவிகளைத் தருவித்தது. அதில் அசெரோபேகஸ் பப்பாயே என்பதுதான் வேலையை முடித்தது. ஊருக்கு ஊர் விட்டார்கள், அடுத்தடுத்த பருவங்களில் மாவுப்பூச்சி அடங்கியது. இன்றைக்கும் அந்தக் குளவி நம் தோட்டங்களில்தான் இருக்கிறது. பப்பாளியில் மாவுப்பூச்சி கண்டால் அதன் நடுவே ஓட்டையிட்ட பழுப்புக் கூடுகள் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இருந்தால் கையைக் கட்டிக்கொண்டு மூன்று வாரம் காத்திருங்கள்.

கொய்யாவிலும் சீத்தாவிலும் வரும் மற்ற மாவுப்பூச்சிகளுக்கு கிரிப்டோலேமஸ் என்ற ஆஸ்திரேலிய வண்டு, மரத்துக்குப் பத்து. அதன் புழுவும் மாவு பூசியதுபோல வெள்ளையாகவே இருக்கும். பெரிய மாவுப்பூச்சி என்று நினைத்து நசுக்கிவிடுவார்கள். குச்சியால் தொட்டால் விறுவிறுவென்று ஓடுவது நம் ஆள், நகராமல் கிடப்பது மாவுப்பூச்சி. வண்டு விடும் முன் மரத்தடியில் கிரீஸ் தடவிய பட்டையைச் சுற்றி எறும்பு ஏறாமல் செய்யுங்கள். மாவுப்பூச்சி கழிக்கும் இனிப்புக்காக எறும்பு அதைக் காவல் காக்கும், வண்டைக் கடித்துத் துரத்தும்.

ஐந்தாம் படி: மருந்து தவிர்க்க முடியாத நாளில்

அப்படி ஒரு நாள் வரும், வராது என்று நான் சொல்லமாட்டேன். அப்போது முதலில் ஐந்து சத வேப்பங்கொட்டைக் கரைசல்: பத்துக் கிலோ பருப்பை இடித்து இரவு ஊறவைத்து வடிகட்டி, இருநூறு லிட்டராக்குங்கள். அதற்கும் அடங்காவிட்டால் பாதிப்பு கண்ட திட்டில் மட்டும் மருந்து. டப்பாவின் முக்கோணத்தைப் பாருங்கள். பச்சையும் நீலமும் மனிதருக்கு விஷம் குறைந்தவை, மஞ்சளும் சிவப்பும் கடுமையானவை. அந்த நிறம் பூச்சியைப் பற்றிச் சொல்லாது. எனவே நீல முக்கோணம் என்றாலும் நன்மை செய்யும் பூச்சிக்கு ஆகுமா என்று தனியே கேளுங்கள். செயற்கைப் பைரித்திராய்டு வகைகளை நெல்லில் தொடவே தொடாதீர்கள், அடித்தபின் புகையான் பெருகும். அட்டை கட்டுவதற்கு ஒரு வாரம் முன்பும் கட்டிய பின் ஒரு வாரமும் எந்த மருந்தும் கூடாது.

அட்டைக்கும் வைரஸுக்கும் விரிஞ்சிபுரம் வேளாண் அறிவியல் நிலையத்திலும், உங்கள் வட்டார வேளாண் விரிவாக்க மையத்திலும், கரும்புக்காரர்கள் ஆலையிலும் கேளுங்கள். கேட்டதும் கையில் கிடைக்கும் சரக்கல்ல, உயிர். வளர்க்க நாள் பிடிக்கும். நடவுத் தேதி முடிவானதும் எந்தத் தேதிக்கு எத்தனை சிசி வேண்டும் என்று எழுதிக் கொடுத்துவிடுங்கள்.

முதல் பருவத்திலேயே முழு நிலத்தையும் இதற்கு விடவேண்டாம். கால் ஏக்கர் எடுங்கள், பக்கத்துக்காரர் மருந்து காற்றில் வந்து விழாத பக்கமாக. அவரிடம் பேசவும் செய்யுங்கள். இது நம் வரப்போடு முடிகிற வேலை இல்லை. எங்கள் பெரியப்பா இன்னும் மருந்து அடிக்கிறவர்தான். ஆனால் போன நவரைப் பருவ நெல்லுக்கு நாற்று விடும்போதே வரப்புக்கு வந்து, “அட்ட எப்பமா கட்டப் போற? தேதி சொல்லு, அதுக்கு எட்டு நாள் முன்னாடியே நான் அடிச்சு முடிச்சுடறேன்” என்றார். தேதியை அவர் வீட்டுக் காலண்டரிலும் நானே எழுதிவிட்டு வந்தேன்.